நாற்காலியில் யார் இருந்தது?

இதை எங்கேயாவது பிசகாகச் சொல்லிவிடுவேனோ என்று பயமாகவே இருக்கிறது.

படப்பிடிப்பு அரங்கில் ஒரு மர நாற்காலி இருந்தது. படம் எடுத்து முடிகிறவரை அதில் யாருமே உட்காரவில்லை. கதாநாயகி மட்டும் அதன் எதிரே உட்கார்ந்து, அந்தக் காலி இடத்தைப் பார்த்துச் சிரித்துச் சிரித்துப் பேசினாள்.

"உன் கால் ஆடுதுடி. அதான் ஒருத்தரும் உட்காரலை. படம் முடிஞ்சதும் உனக்கு அடுப்புதான்" என்றது மூலையில் நின்ற குடை. நாற்காலி நடுங்கிப்போனது.

பிறகு, எடுத்த படத்தில் உருவங்களை வரைந்து சேர்க்கும் ஓவியர்கள் தங்கள் வேலையை முடித்தார்கள். அதே அரங்கில் திரை கட்டிப் படத்தை ஓட்டினார்கள். திரையில் அந்த நாற்காலியின் மேல், வரைந்த அணில் ஒன்று வாலை ஆட்டிக்கொண்டு கதாநாயகியோடு வாயாடியது. அவள் சிரித்ததெல்லாம் அதனிடம்தான்.

"அடியம்மா! இத்தனை நாளும் என் மேலேயா இருந்துச்சு? கனமே தெரியலையே அக்கா!" என்றது நாற்காலி.

குடை நாற்காலியை உற்றுப் பார்த்தது. பிறகு மெல்ல, "இப்ப இருக்கா, போயிடுச்சா?" என்று கேட்டது.

மறுநாள் விறகுக்கு நாற்காலியைத் தூக்க வந்தவரும் படம் பார்த்தவர்தான். துண்டால் துடைத்து, இருந்த இடத்திலேயே வைத்துவிட்டுப் போனார்.

நானும் இப்போதெல்லாம் காலி நாற்காலியைக் கண்டால், "கொஞ்சம் நகர்ந்துக்கோ" என்று சொல்லிவிட்டுத்தான் உட்காருகிறேன்.