கதவில் ஒரு சிவப்புப் புள்ளி

எதிர்வீட்டு அருமைநாதனின் கையில் சுடுகிற துவக்குப் போல ஒன்று. ஒவ்வொரு வீட்டுக் கதவுக்கும் நேரே அதை நீட்டுகிறார். கதவில் ஒரு சிவப்புப் புள்ளி விழுகிறது. குனிந்து எதையோ பார்த்துவிட்டு அடுத்த கதவுக்குப் போகிறார்.

தன் கதவின் துவாரத்தில் கண்ணை வைத்தபடி யோசெப்பின் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

கனடாவின் மொன்ட்ரியால்-நோரில் இந்த மூன்றாம் மாடிக்கு அவள் தனியாகக் குடிவந்து மூன்று கிழமை. காலையில் எந்நாளும் இதே கூத்துத்தான்.

"அந்தாள் பல்லி வளர்க்கிறவர். கதை பேச்சு வச்சுக்கொள்ளாதை" என்று கீழ்வீட்டுக் குணேஸ்வரி அக்கா முதல் நாளே சொல்லியிருந்தாள்.

இன்றைக்கு அவள் கதவுக்கு முன்னால் வந்தவர் அசையவே இல்லை. ஒரு நிமிடம். இரண்டு நிமிடம். அவர் மூச்சு விடுவதுகூட உள்ளே கேட்டது.

சங்கிலியைக் கழற்றாமல் கதவை நீக்கினாள்.

"பொலிசுக்குப் போன் அடிக்கப் போறன்!"

"பிள்ளை, உம்மட ஹீட்டர் எப்ப நிண்டது?"

ஹீட்டர் நின்று இரண்டு நாள். கட்டடம் பார்க்கும் ஜனிட்டருக்குச் சொல்லப் பிரெஞ்சு வராமல், ஒருவருக்கும் சொல்லாமல் போர்வைக்குள் கிடந்தாள்.

"உங்களுக்கு... எப்பிடித் தெரியும்?"

"இது சூடு பார்க்கிற கருவி. பல்லித் தொட்டிக்கு வாங்கினது. மற்றக் கதவெல்லாம் இருபதுக்கு மேல. உம்மடது பதின்மூண்டு. சாப்பிட்டனீரோ?"

"பசிக்கேல்லை. நித்திரைதான் வருது."

அவர் கருவியைக் கீழே இறக்கினார்.

"பல்லியும் அப்பிடித்தான். தொட்டி குளிர்ந்தா முதல்ல சாப்பாட்டை விட்டிடும். திண்டதும் செமிக்காது. பேந்து ஒரு மூலைக்குள்ள ஒடுங்கிப் போயிடும். கத்தாது. கண்ணாடியைப் பிராண்டாது. நாங்கள் நித்திரையெண்டு நினைப்பம்."

யோசெப்பின் சங்கிலியைக் கழற்றினாள்.

"பல்லிக்குச் சரி அண்ணை. மனிசற்ற கதவை ஏன் பார்க்கிறியள்?"

அவர் அவளைப் பார்க்கவில்லை. அவளுக்குப் பின்னால், இருண்டு கிடந்த அறையைப் பார்த்தார்.

"போன மாரிக் குளிரில இந்த வீட்டில ஒரு மனிசி தனிய இருந்தவ. ஹீட்டர் நிண்டு நாலு நாள். ஒரு சத்தமும் கேட்கேல்லை. அஞ்சாம் நாள் கதவை உடைச்சு ஆளைப் பிரேதமாத்தான் தூக்கிக்கொண்டு போச்சினம்."

"நீங்கள் முன்வீடுதானே? ஒருக்காத் தட்டிப் பார்க்கேல்லையோ?"

அருமைநாதன் கையிலிருந்த கருவியைக் குனிந்து பார்த்தார்.

"அந்த நாலு நாளும் நான் என்ர பல்லிக்குச் சூடு போதுமோ எண்டு பார்த்துக்கொண்டு இருந்தனான், பிள்ளை."