பிடாரியின் உத்தரவு

"அயித்தை, நீங்களாச்சும் ஒரு வார்த்தை சொல்லுங்க" என்று கெஞ்சினாள் பொன்னுத்தாய்.

பிச்சையம்மாள் மருமகளின் முகத்தைப் பார்க்கவே இல்லை. ஈரத் தலையை உதறி முடிந்துகொண்டாள்.

"நான் சொல்ல என்ன இருக்கு? சாமி என்ன சொல்லுதோ அதான்."



கிணறு வெட்டப் போன இடத்தில் வெடி சிதறிப் பொன்னுத்தாயின் புருஷன் போய் ஒரு வருஷம் ஆகிறது. எட்டாவது வரை படித்தவள் அவள்; அந்தக் காலத்தில் டீச்சராக அதுவே போதும். புதுக்கோட்டையில் டீச்சர் ட்ரெயினிங்குக்கு இடம் கிடைத்திருந்தது. திங்கட்கிழமை போய்ச் சேர வேண்டும்.

சின்ன மாமனார் குழந்தைசாமிதான் குறுக்கே நின்றார்.

"தாலியறுத்தவ டவுன்ல போய்த் தனியாத் தங்குறதா? ஊரு சிரிக்கும்!"

பேச்சு முற்றிப்போய், வெள்ளிக்கிழமை பிடாரி கோயிலில் சாமியையே கேட்டுவிடுவது என்று ஆனது.

பயமே அங்கேதான். சாமி இறங்குவது பிச்சையம்மாள் மேல். போன வருஷம் அவள் வாயிலிருந்துதான், இருளாண்டியின் விதவை மகள் கோயிலை மிதிக்கக் கூடாது என்று உத்தரவு வந்தது. அந்தப் பெண் இன்றைக்கும் ரோட்டில் நின்றுதான் கும்பிடுகிறாள்.

'பெத்த மகனைப் பறிகொடுத்தவுக. எம்மேல என்ன எரக்கம் இருக்கப் போவுது?'

உச்சி வெயிலில் உடுக்கை அதிர்ந்தது. தலைவிரி கோலமாக ஆடினாள் பிச்சையம்மாள். கூட்டத்துக்குப் பின்னால், புளிய மரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றாள் பொன்னுத்தாய்.

குழந்தைசாமி துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு முன்னால் வந்தார்.

"தாயி, இந்தப் புள்ள டவுனுக்குப் போய்ப் படிக்கணுங்குது. வெறுங்கழுத்தா நிக்கிறவ..."

"டேய்!"

உடுக்கை நின்றது.

"வெறுங்கழுத்தா? எங்கழுத்துல எவன்டா தாலி கட்டுனான்? ஒத்தையில நின்னு ஒங்க எல்லையக் காக்குறேனே, என்னையப் பாத்து ஊரு சிரிக்குதாடா?"

பிச்சையம்மாளின் கை புளிய மரத்தடியைக் காட்டியது.

"அவ எம்புள்ள. நான் அனுப்புறேன். மறிக்கிறவன் எவன்னு பாத்துப்புடுறேன்!"

குழந்தைசாமி நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார்.

"தப்பு தாயி, தப்பு! நல்லபடியா அனுப்பி வைக்கிறோம்!"

கூட்டம் குலவையிட்டது. பொன்னுத்தாய் முன்னால் வந்து திருநீறு வாங்கிக்கொண்டாள்.

வீட்டுக்குள் நுழைந்ததும் அவளுக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது.

"அயித்தை, ஆத்தாளே எனக்காகப் பேசிட்டா அயித்தை!"

பிச்சையம்மாள் செம்பை எடுத்தாள். மடக் மடக்கென்று தண்ணீர் குடித்தாள். கொடியில் கிடந்த சேலைகளை உருவி, டிரங்குப் பெட்டிக்குள் திணிக்க ஆரம்பித்தாள்.

"சாயங்கால பஸ்ஸுக்கே கெளம்பு. டவுன்ல எங்க அக்கா வீட்ல இருந்துக்கிட்டு, திங்கக்கெழம பள்ளிக்கூடத்துக்குப் போ."

"எதுக்கு அயித்தை இம்புட்டு அவசரம்? அதான் சாமியே சொல்லிருச்சே, இனிமே யாரு மறிக்கப் போறா?"

பிச்சையம்மாள் வாசலை ஒருதரம் எட்டிப் பார்த்தாள். பிறகு குரலைத் தாழ்த்தினாள்.

"கூறுகெட்டவளே, கெளம்புடி! அதுக்குள்ள நெசமாவே சாமி வந்து, வேற மாதிரி சொல்லிப்புட்டா என்னடி பண்றது?"