வெடிச் சத்தம் இல்லாத வீடு

குவாரியை மூடி இரண்டு வருஷமாகிறது என்று கோர்ட்டில் எழுதிக் கொடுத்திருந்தார் கனிமவள அதிகாரி. அது பொய்யென்றால் அவமதிப்பு வழக்கில் ஜெயில். உண்மையா என்று பார்த்துவரக் கோர்ட் அனுப்பிய வக்கீல், குவாரிக்குப் பக்கத்து வீட்டில் விசாரித்துக்கொண்டிருந்தார்.

"இப்ப வெடி வைக்கிறாங்களாம்மா?"

கூடவே வந்திருந்த அதிகாரி அவளையே உற்றுப் பார்த்தார்.

"அதெல்லாம் எப்பவோ நின்னுபோச்சு சார். நிம்மதியா இருக்கோம்" என்றாள் வீட்டுக்காரி.

"நான் சொன்னா நம்பலையே சார் நீங்க" என்றார் அதிகாரி.

அப்போது வாசலில் ஜீப் டிரைவர், வழியை மறித்த லாரியைப் பார்த்து நீளமாக ஹாரன் அடித்தார். வீட்டுக்காரி சட்டென்று எழுந்து, பாத்திர அலமாரியை இரண்டு கைகளாலும் அணைத்துப் பிடித்துக்கொண்டாள்.

வக்கீல் நிமிர்ந்தார். "என்னம்மா ஆச்சு?"

அதிகாரி முந்திக்கொண்டு சிரித்தார். "பழைய பழக்கம் சார். அப்பல்லாம் வெடி வைக்கிறதுக்கு முன்னாடி இப்படித்தான் சங்கு ஊதுவாங்க. அடுத்த நிமிஷம் வீடே ஆடும், பாத்திரமெல்லாம் உருளும். ரெண்டு வருஷத்துல உடம்பு மறந்துடுமா?"

"வாஸ்தவம்தான்" என்று வக்கீல் பேனாவை மூடினார். கிளம்ப எழுந்தவர், கட்டிலுக்கு அடியில் எதையோ பார்த்துக் குனிந்தார். அங்கே ஒரு குழந்தை காதுகளைப் பொத்திக்கொண்டு, கண்களை இறுக மூடி உட்கார்ந்திருந்தது.

"பாப்பாவுக்கு என்ன வயசும்மா?"

"இந்த மாசத்தோட ஒன்றரை முடியுது சார்."

வக்கீல் அதிகாரியின் பக்கம் திரும்பினார்.

"இதுக்கு எப்ப சார் பழக்கமாச்சு?"