இருபதாவது படம்

ரம்பச் சத்தம் மறுபடி சுவரைத் தாண்டி வந்ததும், வீட்டில் சர்க்கரை தீர்ந்துவிட்டதாக முடிவு செய்து, கிண்ணத்தோடு அடுத்த வீட்டுக்குள் நுழைந்தேன்.

டப்பாவில் இரண்டு கிலோ இருந்தது. அது வேறு விஷயம்.

கிர்தாரிலால் ஜான்சி ஊரில் எங்கள் சந்தின் பால்பேடாக் கடைக்காரர். வெங்காயம், பூண்டு அவர் வாசற்படி ஏறியதில்லை. எறும்பைக் கண்டால் சுற்றிக்கொண்டு போவார். அப்படிப்பட்ட மனுஷர் மூன்று மாதமாக, மதியம் கடையை அடைத்ததும் டிவி முன்னால் உட்கார்ந்து, இந்தியில் பேசும் வெளிநாட்டுப் பேய்ப் படமாகப் போட்டுத் தள்ளுகிறார். சாதாரணப் பேயும் இல்லை. குடலை உருவி மாலையாகப் போட்டுக்கொள்ளும் ரகம்.

மகள் விபா நடிக்கப் போகிறேன் என்று பம்பாய்க்கு ஓடி ஆறு வருடம். “எனக்கு மக செத்துட்டா” என்று அன்று சந்து கேட்கச் சொன்னவர், பிறகு அவள் பேரையே எடுத்ததில்லை.

அந்தத் துக்கம்தான் மண்டைக்கு ஏறிவிட்டது என்பது என் கணிப்பு. ஏழெட்டு வீட்டில் சொல்லியும் வைத்திருந்தேன்.

டிவியில் ஸ்பெயின் தேசத்து மஞ்சள்முடிக்காரி ஒருத்தி கட்டிலுக்கடியில் பதுங்கியிருந்தாள். ரம்பக்காரன் அறைக்குள் வந்தான்.

கிர்தாரிலால் கண்களை இறுக மூடியிருந்தார்.

“பயமா இருந்தா எதுக்கு லாலாஜி பாக்கறீங்க? ஒரு பஜனை போட்டுக் கேளுங்களேன்.”

“நான் எங்க பாக்கறேன், பாபிஜி? சும்மா இருங்க.” அண்ணி முறை வைத்துக் கூப்பிட்டே அதட்டினார்.

ரம்பம் கட்டிலைத் தொட்டது. மஞ்சள்முடிக்காரி அலறினாள்.

“ஹாய் மையா ரேஏஏ!”

கிண்ணம் என் கையிலிருந்து நழுவியது.

ஸ்பெயினில் எவளும் ‘ஐயோ அம்மா’வை அப்படிக் கத்தமாட்டாள். மேலே பல்லி விழுந்தால், அந்த ‘ரே’யை மூன்று வீடு தாண்டி இழுத்துக் கத்துகிறவள் எங்கள் சந்திலேயே ஒருத்திதான் இருந்தாள்.

“கடைக்கு வந்த யாரோ போன்ல பாத்துட்டு இருந்தாங்க. அப்பத்தான் அவ குரலை முதல்ல கேட்டேன்” என்றார், கண்ணைத் திறக்காமல். “பத்தொன்பது படத்துல செத்துட்டா, பாபிஜி. ஒண்ணுல கிணத்துல தள்ளிட்டான். ஒண்ணுல தலையே இல்ல. எதுலயும் பத்து நிமிஷம் தாண்ட மாட்டா.”

“இதுல?”

“இதுல கதாநாயகிக்கே இவ குரல்தான். காலையிலேருந்து மூணாவது தடவை கேக்கறேன். கடையே திறக்கல.”

ரம்பம் நின்றது. மஞ்சள்முடிக்காரி ரத்தத்தில் குளித்தபடி நெடுஞ்சாலையில் ஏறி, மூச்சிரைக்க யாரையோ கூப்பிட்டாள்.

“கேக்குதா? நான் உயிரோடதான் இருக்கேன்.”

கிர்தாரிலால் கண்ணைத் திறந்தார். தோள் துண்டால் முகத்தைத் துடைத்தார். அந்தத் துண்டிலேயே பார்வையை வைத்துக்கொண்டு கேட்டார்.

“அவ நம்பர் உங்ககிட்ட இல்லாம இருக்காதே.”

ஆறு வருடமாக வைத்திருக்கிறேன். எதற்கும் இருக்கட்டும் என்றுதான்.