வக்கீல் வீட்டு விசாரணை

கோர்ட்டிலிருந்து வந்த வக்கீல், கறுப்புக் கவுனைக்கூடக் கழற்றவில்லை. வந்ததும் வராததுமாகப் பிடித்துக்கொண்டாள்.

"காலேஜ்ல சேர பொய் சாதிச் சான்றிதழா குடுத்தே?"

"ஃபிரெண்டுதான் ஏற்பாடு பண்ணிக் குடுத்தான்…"

"ஜெயிலுக்கும் அவன் கூட வருவானா? தெரிஞ்சா சீட்டு போயிடும். படிச்சு முடிச்சப்புறம் தெரிஞ்சா பட்டமே போயிடும். கேஸ் வேற. யாரோ ஒரு வீட்டுப் புள்ளைக்குக் கிடைக்க வேண்டிய இடம், அதை நெனச்சியா?"

விரல்கள் புதுப் பையின் வாரை முறுக்கிக்கொண்டிருந்தன.

"நாளைக்கே என்கூட வந்து உண்மையைச் சொல்லி, சீட்டைத் திருப்பிக் குடுக்கிறே."

"கேஸ் போடுவாங்களா?"

"போட்டாலும் போடுவாங்க. நான்தான் வந்து வாதாடணும், என் தலையெழுத்து! அப்படி என்ன படிக்கச் சேர்ந்தே?"

"சட்டம்."

அத்தனை கோபத்திலும் அவளுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது.

"நல்லா இருக்கு! அடுத்த வருஷம் ஒழுங்கா பரீட்சை எழுதிச் சேரு. நான் சொல்லித் தரேன். இப்ப சாப்பிட வா."

"உங்கம்மாகிட்ட மட்டும் சொல்லிடாதேம்மா" என்று கெஞ்சினார், போன மாதம்தான் வேலையிலிருந்து ஓய்வு பெற்ற அப்பா.