பத்தாயிரத்தின் இடம்

"பிளேட்லெட் பதினெட்டாயிரம்தான். பெரிய ஆஸ்பத்திரிக்கு உடனே கூட்டிட்டுப் போங்க" என்று நர்ஸ் கையிலிருந்த சீட்டைப் பார்த்துச் சொன்னதும், காய்ச்சலில் கிடந்த மகளின் கட்டிலில் உட்கார்ந்திருந்த அம்மா அழுதுவிட்டாள். கண்ணீரில் எதிரே இருந்த எதுவுமே தெரியவில்லை.

"அந்தச் சீட்டைக் காட்டு தங்கச்சி" என்றது பின்னால் ஒரு பெண் குரல்.

"லேப்ல போன்ல சொன்னதைத்தானேக்கா எழுதினேன்?" என்றாள் நர்ஸ்.

"லேப்காரர் உன்கிட்ட போன்ல பேசும்போது நான் லேப்லதான் இருந்தேன். ஒரு லட்சத்து எட்டாயிரம்னார். நீ அவசரத்துல ஒண்ணையும் எட்டையும் ஒட்டி எழுதிட்ட. நடுவுல பத்தாயிரத்தோட இடம் இருக்குல்ல? அங்க ஒரு பூஜ்யம் உட்காரணும். எதுக்கும் போன் போட்டுக் கேளு."

போன் போட்டுக் கேட்ட நர்ஸ் நாக்கைக் கடித்துக்கொண்டாள். "ஆமாக்கா, ஒரு லட்சத்து எட்டாயிரம்! அம்மா, பயப்படாதீங்க. பொண்ணு தேறிடுவா."

அம்மா கண்ணைத் துடைக்கக்கூட மறந்து கைகூப்பினாள். "டாக்டரம்மா, நீங்க நல்லா இருக்கணும்!"

"ஐயோ, நான் டாக்டர் இல்லம்மா. பெரியவங்களுக்கு எழுத்தும் கணக்கும் சொல்லித்தர்ற சாயங்கால வகுப்புல முந்தாநாள்தான் லட்சத்துக்கே வந்திருக்கோம். தப்பாச் சொல்லிடுவேனோன்னு எனக்கே உதறல்" என்று சிரித்தாள் அவள். "காலைக் கொஞ்சம் தூக்கிக்குங்க, கட்டிலுக்கு அடியில துடைக்கணும்."