கோமாளி உள்ளே வருகிறார்

ஒத்திகைக் கூடத்தின் நடுவே மர நாற்காலி ஒன்று ஜன்னல் வெயிலில் காய்கிறது. காலமெல்லாம் கோமாளி வேஷமே கட்டிய குள்ளமான நடிகர் வாசலில் நிற்கிறார். இன்றும் யாராவது சிரித்துவிட்டால் அரசன் வேடம் வேறு ஆளுக்குப் போய்விடும். நேற்று அவர் நெஞ்சை நிமிர்த்திக் கர்ஜித்தபோது கூடமே விழுந்து விழுந்து சிரித்தது. "உங்களுக்கும் ராஜாவுக்கும் ஏழாம் பொருத்தம்" என்று, நாடக உடை தைக்கும் அவர் மனைவியே சொல்லிவிட்டாள். "ராஜா மாதிரி எதுவும் செய்யாதீங்க. இந்த இடம் உங்களோடதுன்னு மட்டும் நெனச்சுக்கிட்டு உள்ள வாங்க" என்கிறாள் பயிற்சி தரும் பெண். அவர் வருகிறார். அவசரமே இல்லை. வெறுங்கால் தரையில் பதியும் ஓசை கேட்கிறது. ஒவ்வொரு முகத்தையும் நின்று பார்க்கிறார். சுவரோரம் அரட்டையடித்தவர்கள் வாயை மூடிக்கொண்டு எழுகிறார்கள். விளக்கு மாட்டுகிறவர் ஏணியிலிருந்து இறங்கி ஒதுங்குகிறார். வீட்டில் ஒருநாளும் அவருக்காக எழாத மனைவி, மடியிலிருந்த பட்டு சரிந்து விழுவதும் தெரியாமல், பல்லிடுக்கில் குண்டூசிகளோடு எழுந்து நிற்கிறாள். ஒருவரும் சிரிக்கவில்லை. அவருக்குள் ஆனந்தம் கரைபுரள்கிறது, முகம் அசையவில்லை. நாற்காலியில் அமர்ந்து, அவளைப் பார்த்து, உட்காரச் சொல்லி ஒரு விரலை மட்டும் தாழ்த்துகிறார். அவள் உட்காருகிறாள்.